கட்டுச்சோற்றோடு வரும் பிளேயர்: கொடை விழா விசிடிகளும் விஎல்சியும்

எங்கள் ஊர்ச் சுடலைமாடன் கோயில் கொடையை 2002ஆம் ஆண்டிலிருந்து வீடியோ எடுத்து வைத்திருக்கிறார்கள். சேரன்மகாதேவிப் பக்கத்து ஊர்களில் இது புதிதல்ல. குடியழைப்பில் தொடங்கிச் சாமக்கொடை முடிந்து மறுநாள் காலை வரை நடப்பதையெல்லாம் ஒரு கேமராக்காரர் படம்பிடிப்பார். ஒரு மாதம் கழித்து அது நான்கைந்து விசிடிகளாக (வீடியோ குறுந்தகடுகளாக), கோயிலுக்கு வரி கொடுக்கும் வரிதாரர்களின் வீடுகளுக்கு வந்து சேரும். அப்படிச் சேர்ந்த 61 தகடுகளை நிர்வாகக் குழுவினர் ஒரு பிஸ்கட் டின்னில் அடுக்கி என்னிடம் கொடுத்து, எல்லாவற்றையும் ஒரே ஹார்டு டிஸ்கில் ஏற்றித் தரும்படி கேட்டார்கள். அந்த வேலைக்கு நான்கு மாதம் ஆயிற்று. அந்த நான்கு மாதமும் மூன்று வெவ்வேறு கணினிகளில் நான் நம்பிப் பயன்படுத்திய மென்பொருள் விஎல்சி என்ற வீடியோ பிளேயர்.

விஎல்சியைப் பாராட்டுகிறவர்கள் அனைவரும் சொல்வது ஒன்றுதான்: எதைப் போட்டாலும் ஓடும். அது உண்மை. ஆனால் ஏன் ஓடுகிறது என்பதை அதன் பொத்தான்களைப் பார்த்துத் தெரிந்துகொள்ள முடியாது. அது நிறுவப்பட்டிருக்கும் அடைவை (போல்டரை) திறந்து, உள்ளே இருக்கும் டிஎல்எல் கோப்புகளைப் பார்க்க வேண்டும். இந்த மதிப்புரை அந்த அடைவைப் பற்றியது.

டிஎல்எல் என்பது பல மென்பொருள்கள் பொதுவாக எடுத்தாளக்கூடிய ஆணைகளைக் கொண்ட நூலகக் கோப்பு. லினக்ஸில் இதே வேலையைச் செய்யும் கோப்புகளின் பெயர் .எஸ்ஓ என்று முடியும். ஒரு வீடியோவை ஓட்டுவதற்கு, பொதிந்து வைத்த கோப்பைப் பிரித்துப் படத்தையும் ஒலியையும் தனித்தனியாக்க ஒரு நூலகமும், சுருக்கப்பட்ட படத்தை விரிக்க இன்னொன்றும், ஒலியை விரிக்க வேறொன்றும், திரையில் வரைய மற்றொன்றும் தேவைப்படும். ஒரு பிளேயர் இவற்றை இரண்டு வழியில் பெறலாம். விண்டோஸ் பொதுவில் வைத்திருப்பதை எடுத்துக்கொள்வது ஒரு வழி. தனக்கு வேண்டியதைத் தானே கொண்டுவருவது மற்றொரு வழி. முதலாவது கல்யாண வீட்டுப் பந்தியில் உட்காருவது போன்றது. பரிமாறுகிறவர்கள் எதை வைத்திருக்கிறார்களோ அதுதான் இலைக்கு வரும். 2012இல் வந்த விண்டோஸ் 8இலிருந்து டிவிடி ஓட்டும் வசதி அந்தப் பந்தியிலிருந்து நீக்கப்பட்டது; எச்இவிசி வகை வீடியோவுக்கான நீட்டிப்பை மைக்ரோசாப்ட் தன் ஸ்டோரில் விலைக்கு விற்கிறது. இரண்டாவது வழி, திருச்செந்தூருக்கு நடைப்பயணம் போகிறவர்கள் புளியோதரை கட்டிக்கொண்டு போவது போன்றது. விஎல்சி இந்த இரண்டாவது வகை.

விசிடியை எடுத்துக்கொண்டால் இது தெளிவாகும். தகட்டைத் திறந்தால் எம்பெக்ஏவி என்ற அடைவும், அதற்குள் ஏவிசெக்01.டேட் என்ற கோப்பும் இருக்கும். அந்தக் கோப்பினுள் இருப்பது எம்பெக் 1 வகைப் படமும் எம்பி2 வகை ஒலியும். படத்தின் அளவு 352க்கு 288 புள்ளிகள். படத்துக்கு நொடிக்கு 1150 கிலோபிட், ஒலிக்கு 224 கிலோபிட். இன்றைய கண்ணுக்கு அந்தப் படம் மங்கல்தான். ஆனால் கணியான் கூத்தில் அடிக்கும் மகுடம் என்ற பறையின் ஒலி அந்த 224 கிலோபிட்டிலும் நெஞ்சில் அறைகிற மாதிரி கேட்கிறது என்பதை இந்த வேலையில்தான் கண்டுகொண்டேன். இந்த டேட் கோப்பை விஎல்சியில் போட்டதும் நடப்பது இது: விஎல்சி.எக்ஸ்இ என்ற சிறிய கோப்பு லிப்விஎல்சி.டிஎல்எல்லை அழைக்கிறது, அது லிப்விஎல்சிகோர்.டிஎல்எல்லை அழைக்கிறது, அந்தக் கோர், பிளகின்ஸ் அடைவில் இருக்கும் சில நூறு டிஎல்எல்களில் இந்தக் கோப்புக்குப் பொருத்தமானவற்றைத் தேர்ந்தெடுக்கிறது. டேட் கோப்பின் மேலுறையைப் பிரிப்பது ஒன்று, படத்தை விரிப்பது ஒன்று, ஒலியை விரிப்பது ஒன்று என்று வேலை பங்கிடப்படுகிறது. கன்ட்ரோல்-எம் அழுத்தி, செய்திச் சாளரத்தின் விவர அளவை 2 என்று வைத்தால், எந்தக் கோப்பு எந்த வேலையை ஏற்றது என்பது வரிவரியாகத் தெரியும். பெரும்பாலானோர் திறந்தே பார்க்காத இந்தச் சாளரத்தை இந்த மென்பொருளின் மிகச் சிறந்த பகுதி என்று நான் சொல்வேன்.

பந்தி முறையில் என்ன கெடும் என்பதற்கு என் பழைய கணினியே சாட்சி. சில ஆண்டுகளுக்கு முன் அதை ஒரு சர்வீஸ் கடையில் கொடுத்தபோது, ‘எல்லாப் படமும் ஓடும்’ என்று சொல்லி இரண்டு கோடெக் (படத்தையும் ஒலியையும் சுருக்கி விரிக்கும் நிரல்) பொட்டலங்களை ஒன்றன்மேல் ஒன்றாக ஏற்றி அனுப்பினார்கள். அதன்பின் வீடியோ இருக்கும் அடைவைத் திறந்தாலே எக்ஸ்புளோரர் முடங்கியது. காரணம் பின்னர் புரிந்தது. விண்டோஸில் வீடியோ ஓட்டும் டைரக்ட்ஷோ அமைப்பில், பிரிப்பது விரிப்பது போன்ற வேலைகளைச் செய்யும் நிரல்களுக்கு வடிப்பான் என்று பெயர். ஒவ்வொரு வடிப்பானுக்கும் ‘மெரிட்’ என்ற ஒரு தகுதி எண் உண்டு. ஒரே வேலைக்கு இரண்டு வடிப்பான்கள் இருந்தால் எண் கூடியதற்கே முதலிடம். பொட்டலம் செய்கிறவர்கள் அவரவர் வடிப்பானுக்கு எண்ணை உயர்த்திவைப்பது வழக்கம். கோயிலில் முதல் மரியாதை யாருக்கு என்று இரண்டு வகையறாவும் மல்லுக்கு நின்றால் கொடை நின்றுபோவதை எங்கள் பக்கத்தில் பார்த்திருக்கிறோம். இங்கும் அதுவேதான் நடந்தது. விஎல்சிக்குள்ளும் பிளகின்ஸ் அடைவில் இருக்கும் செருகுநிரல்களுக்குத் தகுதி எண் உண்டு என்றாலும் அது அந்த வீட்டுக்குள்ளேயே தீர்ந்துவிடுகிறது. அது விண்டோஸின் பொதுப் பதிவேட்டில் தன் கோடெக்குகளைப் பதிவு செய்வதில்லை. மற்ற பிளேயர்கள் பதிவு செய்தவற்றைப் பெரும்பாலும் நாடுவதும் இல்லை. என் கணினியில் இரண்டு பொட்டலங்களையும் நீக்காமலேயே விஎல்சி ஓடியது.

இதைவிடப் பெரிய தொல்லை, ‘இந்த டிஎல்எல் காணவில்லை’ என்ற அறிவிப்பு. நிர்வாகக் குழுவின் பொருளாளர் எங்கள் தெருவில் பலசரக்குக் கடை வைத்திருக்கும் அண்ணாச்சி. முதல் தவணையாக நான் கொடுத்த பதிவுகளைப் பார்க்க உட்கார்ந்தவர், அன்று இரவே கூப்பிட்டார்.

“தம்பி, பழைய பிளேயர்ல போட்டேன், என்னமோ டிஎல்எல் இல்லைன்னு சொல்லிச்சு. பேரன் அதை நெட்ல எடுத்துப் போட்டான். இப்ப ஒண்ணுமே ஓட மாட்டேங்கு.”

“எந்த சைட்ல எடுத்தான் அண்ணாச்சி?”

“அது யாருக்குத் தெரியும்? முதல்ல எது வந்துச்சோ அதுல எடுத்திருக்கான்.”

போய்ப் பார்த்தேன். காணாமல் போனது எம்எஸ்விசிஆர்100.டிஎல்எல். அது வீடியோவோடு தொடர்புடைய கோப்பே அல்ல. மைக்ரோசாப்டின் விசுவல் சி++ 2010 கருவியால் உருவாக்கப்பட்ட மென்பொருள்களுக்குத் தேவையான அடிப்படை நூலகம். அதை மைக்ரோசாப்டின் தளத்திலிருந்து முழுப் பொதியாக இறக்கி நிறுவியிருந்தால் இரண்டு நிமிடத்தில் முடிந்திருக்கும். பேரன் தனி டிஎல்எல் விற்கும் ஒரு தளத்திலிருந்து 64 பிட் கோப்பை இறக்கி, சிஸ்டம்32 அடைவில் போட்டிருக்கிறான். பிளேயரோ 32 பிட். 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 என்ற அடைவில் இருப்பவை 64 பிட் கோப்புகள். சிஸ்வாவ்64 என்ற அடைவில் இருப்பவைதான் 32 பிட் கோப்புகள். பெயர் வைத்தவர்களின் நியாயம் எதுவாக இருந்தாலும், இந்தத் தலைகீழ்ப் பெயரால் ஏமாறாதவர்கள் குறைவு. எனவே பிளேயர் மறுபடியும் காணவில்லை என்றது. அவன் அதே கோப்பைப் பிளேயரின் சொந்த அடைவிலும் போட்டான். இப்போது கோப்பு கிடைத்தது, ஆனால் பிட் பொருந்தாததால் 0எக்ஸ்சி000007பி என்ற பிழை எண் வந்தது. போதாக்குறைக்கு, அந்தத் தளம் கொடுத்த ‘இறக்க உதவும் மென்பொருள்’ பிரவுசரின் முகப்புப் பக்கத்தையும் மாற்றியிருந்தது. எல்லாவற்றையும் துடைத்துவிட்டு விஎல்சியின் ஜிப் பொதியைப் பிரித்துப் போட்டேன். நிறுவல் எதுவும் இல்லாமல் ஓடியது. விஎல்சியின் விண்டோஸ் பதிப்பு விசுவல் சி++ கொண்டு உருவாக்கப்படுவதில்லை, மிங்டபிள்யூ கருவிகளைக் கொண்டு உருவாக்கப்படுகிறது. ஆகவே எம்எஸ்விசிஆர்100 போன்ற கோப்புகளின் தயவு அதற்கு வேண்டியதில்லை.

ஆனாலும் 32, 64 விவகாரம் விஎல்சியைப் பயன்படுத்துகிறவர்களையும் விடுவதில்லை. பொறியியல் படிக்கும் என் மருமகன், வில்லுப்பாட்டுப் பதிவுகளைக் கதையின் பெயரைச் சொடுக்கிக் கேட்கும்படி பைதான் நிரல்மொழியில் ஒரு சிறு மென்பொருள் எழுதினான். லிப்விஎல்சியைத் தன் மென்பொருளுக்குள் யார் வேண்டுமானாலும் அழைத்துக்கொள்ளலாம். 2011இல் அதன் உரிமத்தை ஜிபிஎல்லிலிருந்து சற்றுத் தளர்வான எல்ஜிபிஎல்லுக்கு மாற்றியதிலிருந்து, மூலநிரலை வெளியிடாத மென்பொருள்களும் உரிமத்தின் நிபந்தனைகளுக்கு உட்பட்டு அதைப் பயன்படுத்த முடியும். அவனுடைய பைதான் 64 பிட், கணினியில் இருந்த விஎல்சி 32 பிட். மாமா, உங்கள் விஎல்சி சரியில்லை என்று அரைநாள் என்னோடு வழக்காடினான். ஒரு செயலி எந்தப் பிட்டில் ஓடுகிறதோ அதே பிட்டில் உள்ள டிஎல்எல்லைத்தான் ஏற்கும் என்பது இயங்குதளத்தின் விதி, அதற்கு விலக்கு கிடையாது. 64 பிட் விஎல்சியை நிறுவியதும் சுடலைமாடன் கதை பாடத் தொடங்கிவிட்டது.

விஎல்சியின் வயிற்றில் இருக்கும் விரிப்பான்களில் பெரும்பகுதி அதன் சொந்தச் சரக்கு அல்ல என்பதையும் சொல்ல வேண்டும். 2000ஆம் ஆண்டில் பாப்ரிஸ் பெல்லார்டு தொடங்கிய எப்எப்எம்பெக் திட்டத்தின் ஏவிகோடெக் என்ற நூலகம்தான் இன்று எண்ணற்ற பிளேயர்களுக்குள் உழைத்துக்கொண்டிருக்கிறது. விண்டோஸில் அது தனியாகக் கிடைக்கும்போது ஏவிகோடெக்-58, 59, 60, 61 என்று பெயரில் ஓர் எண்ணோடு வரும். எப்எப்எம்பெக் 4இன் எண் 58, 5இன் எண் 59, 6இன் எண் 60, 7இன் எண் 61. இந்த எண் அலங்காரத்துக்கு வைத்தது அல்ல. எண் மாறினால் நூலகத்தை அழைக்கும் முறையும் மாறியிருக்கிறது என்று பொருள். 58ஐக் கேட்கும் மென்பொருளுக்கு 61ஐப் பெயர் மாற்றிக் கொடுப்பது, வேறு வீட்டுச் சாவியை நம் வீட்டுப் பூட்டில் திணிப்பது போன்றது. வில்லுப்பாட்டின் ஒலியை மட்டும் பிரித்து, ஆடாசிட்டி என்ற ஒலித்தொகுப்பு மென்பொருளில் இரைச்சல் நீக்கியபோது இதைச் சந்தித்தேன். ஆடாசிட்டியின் பழைய பதிப்புகள் 55 என்ற எண்ணுடைய நூலகத்தையே எதிர்பார்த்தன. புதியவை 58 முதலானவற்றையும் ஏற்கின்றன. விஎல்சியில் இந்தத் தலைவலி எழுவதில்லை. ஏவிகோடெக் அதன் செருகுநிரல் ஒன்றுக்குள்ளேயே கரைந்திருக்கிறது. எந்தப் பதிப்போடு சோதிக்கப்பட்டதோ அந்தப் பதிப்பே வருகிறது. ஒரு விஎல்சியின் செருகுநிரலைப் பிடுங்கி வேறொரு பெரும் பதிப்பின் அடைவில் போட்டால் அது ஏற்காது என்பதும் இதனால்தான்.

தமிழுக்கு வருகிறேன். மும்பையிலும் சென்னையிலும் பிறந்து வளர்ந்த எங்கள் ஊர்ப் பிள்ளைகளுக்கு வில்லுப்பாட்டின் சொற்கள் பிடிபடுவதில்லை என்பதால், இரண்டு கதைகளுக்கு வரிகளை எழுத்தாகத் தட்டி, துணையெழுத்துக் கோப்பாக இணைத்தேன். தமிழ் எழுத்துகளைத் திரையில் வரைவதற்கு எழுத்துரு மட்டும் போதாது. ‘கொ’ என்பதில் கொம்பு முன்னாலும் கால் பின்னாலும் வர வேண்டும் என்று அறிந்த ஒரு நூலகமும் வேண்டும். 2018 பிப்ரவரியில் வெளியான 3.0 பதிப்பில் ஹார்ப்பஸ் என்ற எழுத்தமைப்பு நூலகத்தின் துணையோடு விஎல்சி இதைச் செய்யத் தொடங்கியது. அதற்கு முந்தைய பதிப்பைக் கணினியில் வைத்திருப்பவர்கள் தமிழ்த் துணையெழுத்துக்காகவாவது மாற்றிவிடுவது நல்லது. கோப்பை யுடிஎப்-8 ஆகச் சேமிக்க வேண்டும் என்பதையும் மறக்கக் கூடாது. பழைய நோட்பேடு ‘ஆன்சி’ என்ற முறையிலேயே சேமிக்க முனையும். தமிழுக்கு அந்த முறையில் இடமே இல்லாததால் மொத்த வில்லுப்பாட்டும் கேள்விக்குறிகளாகிவிடும். முதல் கதையில் 400 வரி எனக்கு அப்படித்தான் போயிற்று.

இனி, கட்டுச்சோற்றின் மறுபக்கம். பந்திச் சோறு கெட்டால் சமையற்காரர் பொறுப்பு. கட்டுச்சோறு ஊசிப்போனால் கட்டிக்கொண்டு வந்தவர்தான் மோந்து பார்க்க வேண்டும். லினக்ஸ் விநியோகங்களில் ஏவிகோடெக் ஒரே பொது .எஸ்ஓ கோப்பாக இருப்பதால், அதில் பாதுகாப்புக் குறை கண்டு ஒருமுறை திருத்தினால் அதை அழைக்கும் எல்லா மென்பொருள்களும் சேர்ந்தே திருந்திவிடும். விண்டோஸ் விஎல்சியின் வயிற்றுக்குள் இருக்கும் நூலகங்களை விண்டோஸ் அப்டேட் தொடுவதில்லை. விஎல்சியின் புதிய பதிப்பை நாம் நிறுவினால்தான் அவை புதுப்பிக்கப்படும். நிறுவி ஐந்தாண்டு ஆகியும் தொடாமல் வைத்திருப்பவர்களை எனக்குத் தெரியும். இணையத்திலிருந்து இறக்கிய வீடியோவையும் அதிலேயே திறக்கிறார்கள்.

இன்னொன்று, விண்டோஸ் டிஎல்எல்லைத் தேடும் வரிசை. மென்பொருள் இருக்கும் அடைவைத்தான் அது பொதுவாக முதலில் பார்க்கும். விஎல்சி யாரையும் நம்பாமல் ஓடுவதற்குக் காரணமான இதே ஏற்பாடு, கெட்டவர்களுக்கும் வழி விடுகிறது: குற்றமற்ற விஎல்சியின் பக்கத்தில் தீய டிஎல்எல் ஒன்றை அது தேடும் பெயரிலேயே வைத்துவிட்டால், விஎல்சி அதைத் தன் வீட்டுப் பிள்ளையென்று எண்ணி அழைத்துவிடும். சைக்கேடா என்ற உளவுக் குழு விஎல்சியை இவ்வாறு பயன்படுத்தியதை 2022 ஏப்ரலில் சைமன்டெக் என்ற கணினிப் பாதுகாப்பு நிறுவனம் வெளிப்படுத்தியது. அதே ஆண்டு பிப்ரவரி வாக்கில் இந்தியாவில், விஎல்சியை வெளியிடும் வீடியோலேன் அமைப்பின் தளம் திறக்காமல் போனது. அந்த அறிக்கையே காரணம் என்று பலர் எழுதினார்கள் என்றாலும், தடைக்கான காரணம் வீடியோலேனுக்குத் தெரிவிக்கப்படவில்லை. இணையச் சுதந்திர அறக்கட்டளையின் உதவியோடு அவர்கள் சட்ட அறிவிப்பு அனுப்பிய பிறகு, நவம்பரில் தடை நீங்கியது. பாதுகாப்புக்காகவே அந்தத் தடை என்றால், அது எதிர்ப்பக்கமாகவே வேலை செய்தது என்பது என் கருத்து. உண்மையான தளம் அடைபட்டிருந்த அந்த மாதங்களில் மக்கள் விஎல்சியை விட்டுவிடவில்லை. கண்ட கண்ட தளங்களிலிருந்து இறக்கினார்கள். இப்போது தளம் திறந்தே இருப்பதால் அங்கிருந்து மட்டுமே இறக்க வேண்டும். நிறுவல் கோப்பின் பண்புகளில் டிஜிட்டல் கையொப்பம் வீடியோலேன் பெயரில் இருக்கிறதா என்று பார்ப்பதற்கு அரை நிமிடம் ஆகாது.

குறைகளும் உண்டு. படத்தை ஒரு சட்டகம் (பிரேம்) முன்னால் நகர்த்த விசை இருக்கிறது, பின்னால் நகர்த்த 3.0 வரிசையில் வழியில்லை. சாமியாடி ஈட்டி எடுக்கும் நொடியைப் பிடிக்க நினைப்பவருக்கு இது பெரிய குறை. விசிடியின் டேட் கோப்பில் அட்டவணை கிடையாது என்பதால் நேரக்கோட்டை இழுக்கும்போது துல்லியத்தை எதிர்பார்க்க முடியாது. கோப்பு மாற்றும் வசதி இருக்கிறது, ஆனால் அது படத்தை விரித்து மீண்டும் சுருக்கும் வேலைக்கே ஏற்றது. ஏற்கெனவே மங்கலான விசிடிப் படத்துக்கு அது வேண்டாத தண்டனை. மேலுறையை மட்டும் நீக்கி உள்ளிருப்பதை அப்படியே நகலெடுக்க நான் எப்எப்எம்பெக்கையே பயன்படுத்தினேன். விரிவான அமைப்புகள் பக்கத்தில் நுழைந்தவர் வழி தெரியாமல் திரும்புவார். ஜிப் பொதியும் முழுமையாகக் கையடக்கமானது அல்ல. தானாக விட்டால் அமைப்புகளைப் பயனரின் ஆப்டேட்டா அடைவில்தான் எழுதும். இத்தனைக்கும் விலை ஒரு ரூபாய் இல்லை, விளம்பரம் இல்லை, பதிவு செய்யச் சொல்லும் தொல்லை இல்லை. 1996இல் பாரிஸை ஒட்டிய எக்கோல் சென்ட்ரால் கல்லூரி மாணவர்கள் தொடங்கிய வேலை, 2001இல் திறமூலமாகி, இன்று இலாப நோக்கற்ற ஓர் அமைப்பின் கையில் இருக்கிறது.

நிர்வாகக் குழுவுக்கு நான் கொடுத்த ஹார்டு டிஸ்கில் ஆண்டுவாரியாகப் பதிவுகள் இருக்கின்றன. அவற்றோடு 64 பிட் விஎல்சியின் அடைவு ஒன்றும், பழைய கணினிகளுக்காக 32 பிட் அடைவு ஒன்றும் இருக்கின்றன. எந்த வீட்டில் செருகினாலும் தேடி அலையாமல் பார்க்கலாம். அண்ணாச்சி 2004ஆம் ஆண்டுக் கொடையைப் பார்த்துவிட்டு, அதில் தன் தகப்பனார் சாமியாடும் இடத்தை மூன்று முறை ஓட்டச் சொன்னார். 61 தகடுகளில் 57 முழுமையாக வந்தன. மீதி 4 கீறல் விழுந்தவை. விசிடியில் படம் இருக்கும் பகுதி, கூடுதல் இடத்துக்காகப் பிழைதிருத்தக் குறியீட்டின் ஒரு பகுதியை விட்டுக்கொடுத்து எழுதப்படுவதால், கீறல் விழுந்த இடத்தை டிரைவ் வாசித்துக் கொடுப்பதில்லை. டிரைவ் கொடுக்காததை எந்த டிஎல்எல்லாலும் விரிக்க முடியாது. அந்த நான்கின் நகல் எந்த வரிதாரர் வீட்டுப் பரணிலாவது கிடக்கிறதா என்று இப்போது விசாரித்துக்கொண்டிருக்கிறோம்.